வரப்பில் ஒரு நாற்காலி

எங்கள் குடியிருப்பின் மூன்றாவது மாடியில் மதாம் மர்த்தீன் இருக்கிறார். பாரீஸுக்கு வடக்கே உள்ள இந்தப் புறநகருக்கு நான் வந்த புதிதில், தபால்காரர் அவருடைய பார்சல் ஒன்றை என்னிடம் கொடுத்துவிட்டுப் போய்விட்டார். கொண்டுபோய்க் கதவைத் தட்டினேன். உள்ளே கூப்பிட்டார். உட்காரச் சொன்னார். உட்கார்ந்தேன். உடனே அவர் திரும்பி நின்று பீன்ஸ் நறுக்க ஆரம்பித்துவிட்டார். என் பெயர் என்ன, எந்த ஊர், என்ன வேலை என்று எல்லாவற்றையும் விசாரித்தார், முதுகைக் காட்டிக்கொண்டே. நான் அந்த முதுகுக்குப் பதில் சொல்லிவிட்டு, காதெல்லாம் சூடாகி, மாடிப்படி இறங்கி வந்தேன்.

ஊரில் இருக்கும் உங்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. நம் பக்கத்தில் வீட்டுக்கு ஒரு ஆள் வந்தால் மிக்ஸி நின்றுவிடும், டிவியின் சத்தம் குறையும், கூட்டிக்கொண்டிருந்த துடைப்பம் கதவுக்குப் பின்னால் போகும். வந்தவர் கடன்காரராகவே இருந்தாலும் அவருக்கு முன்னால் நின்று வேலை செய்துகொண்டே இருந்தால், கிளம்பு என்று சொன்னதாகத்தான் அர்த்தம். நான் பொருமிக்கொண்டே போய் இதை என் மனைவி பிலோமினாவிடம் சொன்னேன்.

"உன்னப் பாத்ததும் வேலைய நிறுத்தறதுக்கு நீ இன்னா பிஷப்பா?" என்றாள்.

பிலோமினா புதுச்சேரி வில்லியனூர்க்காரி. அவள் அப்பா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர். எங்கள் பக்கத்தில் அப்படிப்பட்டவர்களுக்கு சொல்தா என்று பெயர். அதனால் அவளுக்குப் பிறக்கும்போதே பிரெஞ்சுக் குடியுரிமை. எனக்கு அவளைக் கட்டிக்கொண்டதால் கிடைத்தது. திருபுவனைத் தொழிற்பேட்டையில் ஷிப்ட் பார்த்துக்கொண்டிருந்த குருவிநத்தத்துக் குடியானவன் வீட்டுப் பையன், மாதா கோயில் தெருப் பெண்ணைக் காதலித்தது பாஸ்போர்ட்டுக்காகத்தான் என்று இரண்டு பக்கத்திலும் பேசினார்கள். பாஸ்போர்ட்டுக்காக மட்டும் இல்லை என்பதை நிரூபிக்க இருபத்தாறு வருடமாக முயன்றுகொண்டிருக்கிறேன். இங்கே ஒரு பள்ளிக்கூடத்து கான்டீனில் வேலை. முந்நூறு பிள்ளைகளுக்கு உப்பில்லாத கேரட்டை வேகவைத்துக் கொடுக்கிறேன்.

முதுகைக் காட்டிப் பேசுவது இங்கே அவமரியாதை இல்லை, அது ஒரு நெருக்கம் என்று புரியப் பல வருடங்கள் பிடித்தன. உனக்காக நான் எதையும் நிறுத்த வேண்டியதில்லை, நீ வேற்றாள் இல்லை என்று அர்த்தமாம். இப்போதெல்லாம் நான் மர்த்தீன் வீட்டுக்குப் போனால் ஒரு தோல் சீவும் கத்தியை என் பக்கம் தள்ளிவிடுவார். நானும் சீவுவேன். அரசாங்கம் கொடுத்த குடியுரிமைச் சான்றிதழைவிட அந்தக் கத்தி எனக்குப் பெரிதாகத் தெரிகிறது.

மர்த்தீன் பள்ளி ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வுக்குப் பிறகு ஒரு சின்ன கேமரா வாங்கி ஆவணப்படம் எடுக்கிறார். பேருந்து நிறுத்தத்தில் காத்திருப்பவர்களைப் பற்றி ஒன்று எடுத்தார். ஐம்பது நிமிடப் படம். கடைசி நிமிடத்தில் பேருந்து வந்தது. அதற்குள் நான் தூங்கிவிட்டது அவருக்குத் தெரியாது என்று நம்புகிறேன். அடுத்த படத்துக்கு என்ன செய்யலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தபோது, எங்கள் வீட்டுச் சுவரில் நான் மாட்டியிருந்த புதுச்சேரி வரைபடத்தைப் பார்த்துவிட்டார். கிழித்துப் போட்ட காகிதம் மாதிரித் துண்டு துண்டாகத் தமிழ்நாட்டுக்குள் கிடக்கும் ஒரு மாநிலம். நடுவில் யார் வயல், யார் எல்லை என்று சாமிக்கே தெரியாது. இந்த மக்கள் தங்களை யார் என்று நினைக்கிறார்கள்? காலையில் எழுந்து என்ன செய்கிறார்கள்? "வீ கொத்திதியேன்" என்றார், அதாவது அன்றாட வாழ்க்கை. அவருக்கு வேண்டியது திருவிழா இல்லை, கல்யாணம் இல்லை, ஒரு சாதாரண செவ்வாய்க்கிழமை.

எனக்கு உள்ளே ஒரு கணக்கு ஓடியது. எனக்கு இன்னும் இரண்டு வருடத்தில் ஓய்வு. ஓய்வு பெற்ற மறுமாதமே குருவிநத்தம் போய் நிரந்தரமாக இருந்துவிடுவது என்று தீர்மானித்திருந்தேன். கான்டீனில், தமிழ்க் கடையில், மாதா பூசைக்கு வரும் கூட்டத்தில் என்று ஒருவர் விடாமல் சொல்லியும் வைத்திருந்தேன். பிலோமினா வரமாட்டேன் என்று சொல்லிவிட்டாள். "நீ போ. நான் லீவுக்கு வந்து உன்னப் பாத்துட்டு வரேன். அங்க நீ விருந்தாளிதான், வூட்டு ஆளு இல்ல" என்றாள். நான் அந்த மண்ணில் சேறு மிதித்து வளர்ந்தவன், என்னைப் பார்த்தா இப்படிச் சொல்கிறாள் என்று கொதித்தேன். இந்தப் படம் வந்தால் அதில் நான் ஊரோடு ஊராக நடமாடுவதை அவளே திரையில் பார்ப்பாள், வாயடைத்துப் போவாள் என்று நினைத்தேன். மர்த்தீனிடம், "அங்கே எனக்குத் திறக்காத கதவே கிடையாது மதாம்" என்று அடித்துச் சொன்னேன்.

பிப்ரவரி விடுமுறையில் நானும் மர்த்தீனும் மட்டும் கிளம்பினோம். ஊர் எல்லையில் ஒரு பேனர் எங்களை வரவேற்றது. தங்கை தனத்தின் கணவர் ஏழுமலை வைத்தது. ஒரு பக்கம் கூலிங் கிளாஸ் போட்ட என் முகம். அது பத்து வருடத்துக்கு முந்தைய முகம். மறுபக்கம் 'பிரான்ஸ் நாட்டு இயக்குநர் அவர்களே வருக வருக' என்ற வரிக்கு மேல் ஒரு வெள்ளைப் பூனை. மர்த்தீன் தன் வாட்ஸாப்பில் வைத்திருப்பது அவருடைய பூனையின் படம்தான்.

"நம்பர்ல அந்த போட்டோதான் இருந்துது மச்சான்" என்றார் ஏழுமலை. "பேனர்காரன் கேட்டான். அவங்க வூட்ல பூனையும் ஆளு மாரிதான், போடுன்னு சொல்லிட்டேன்."

மர்த்தீன் பேனருக்குக் கீழே நின்று படம் எடுத்துக்கொண்டார். தன் பூனைக்கு இந்தியாவில் இப்படி ஒரு மரியாதையா என்று கண்கலங்கினார். நான் எதையும் திருத்தவில்லை.

அதற்குப் பிறகு நான்கு நாள் நடந்ததுதான் பெரிய கூத்து. அன்றாட வாழ்க்கையைத் தேடி எந்த வீட்டுக்குப் போனாலும் அது எங்களுக்கு முன்னாலேயே ஓடி ஒளிந்துகொண்டது. மாவரைத்துக்கொண்டிருந்த பெண் கிரைண்டரை நிறுத்திவிட்டுப் புதுப் புடவையில் வந்து நின்றாள். மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்தவர் மாட்டை விட்டுவிட்டுச் சட்டை மாட்டப் போனார், மாடு எங்களையே பார்த்தது. ஒவ்வொரு வீட்டிலும் பிளாஸ்டிக் நாற்காலி, கூல்டிரிங்க்ஸ், முறுக்கு. மைக்குக்கு மேல் போர்த்தியிருந்த ரோம உறையைப் பார்த்து ஒரு குழந்தை அழுதது. நான்கு நாளில் எங்களுக்குக் கிடைத்த ஒரே அன்றாட நிகழ்ச்சி அதுதான்.

கரையாம்புத்தூரில் எல்லையைப் படம் எடுக்கப் போனோம். கரும்புக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டிருந்த ஒருவர் எங்களைப் பார்த்ததும் மண்வெட்டியைப் போட்டுவிட்டு முகம் கழுவி வந்தார். எல்லை எங்கே என்று கேட்டதற்குக் கையை நீட்டி, "தோ, இந்தக் கரும்பு பாண்டி, அந்தக் கரும்பு தமிழ்நாடு" என்றார். எல்லையைத் தாண்டும்போது மனதில் என்ன தோன்றும் என்று மர்த்தீன் கேட்கச் சொன்னார். நானும் கேட்டேன்.

"அந்தாண்ட போறதுக்கு முன்ன டேங்க்க ரொப்பிக்கணும்னு தோணும். அங்க பெட்ரோலு வெல ஜாஸ்தி."

நீங்கள் உங்களை யார் என்று நினைக்கிறீர்கள், தமிழ்நாடா, புதுச்சேரியா, பிரெஞ்சுக்காரர்கள் விட்டுப்போனது உங்களிடம் ஏதாவது இருக்கிறதா என்று அடுத்த கேள்வி. அவர் கொஞ்சம் யோசித்தார். "ஓட்டு இங்க. பொண்ணு எடுத்தது அங்க. மாடு ரெண்டு பக்கமும் மேயும்" என்றார். பிரெஞ்சுக்காரர்களைப் பற்றி அவருக்குச் சொல்ல ஒன்றுமில்லை. நான் இதை அப்படியே மொழிபெயர்த்தேன். அவர் பெரிய தத்துவ ஞானி என்று மர்த்தீன் முடிவு செய்துவிட்டார்.

தனத்தின் கழனியில்தான் விஷயம் முற்றியது. நவரைப் பட்டத்து நெல்லில் களையெடுப்பு. தனத்தோடு பக்கத்து வீட்டு அஞ்சலையும் இன்னும் நாலைந்து பெண்களும் குனிந்திருந்தார்கள். தூரத்தில் வரும்போது அவர்கள் சிரிப்பு கேட்டது. நாங்கள் வரப்பில் ஏறியதும் நின்றது. எல்லோரும் கரையேறி, போர்வெல் தண்ணீரில் கால் கழுவி, தூக்கிச் செருகியிருந்த புடவையை இறக்கிவிட்டு வரிசையாக நின்றார்கள். கழனிக்குப் பக்கத்திலேயே நாற்காலி இல்லாததால் அஞ்சலை ஊருக்குள் போய் இரண்டு நாற்காலிகளைத் தலையில் வைத்து எடுத்து வந்தாள். மர்த்தீன் உட்கார மறுத்துத் தன் நாற்காலியில் கேமராவை வைத்தார். நான் உட்கார்ந்தேன். உட்காராவிட்டால் அவர்களுக்கு வருத்தமாகிவிடும். நாங்கள் இல்லாதது போலவே நினைத்து வேலையைத் தொடரச் சொல் என்றார் மர்த்தீன்.

"வந்தவங்கள வெயில்ல வெச்சிட்டு நாங்க எப்பிடிண்ணே களை புடுங்கறது? பாக்கறவங்க இன்னா நெனப்பாங்க" என்றாள் தனம்.

நான் மர்த்தீனிடம் கொஞ்சம் பெருமையாகவே விளக்கினேன். இது எங்கள் பண்பாடு, வெள்ளைக்கார விருந்தாளி வந்திருக்கும்போது இவர்கள் வேலை செய்ய மாட்டார்கள், உங்களுக்குத் தரும் மரியாதை என்றேன். பாவம், அவர் தலையில் கைவைத்துக்கொண்டார். நான்கு நாளாக அவர் கேமராவில் பதிவானது பெரும்பாலும் நாற்காலிகள்தான்.

ஐந்தாம் நாள் காலையில் பிலோமினா போன் செய்தாள். வில்லியனூர் மாதா கோயிலில் மெழுகுவர்த்தி ஏற்ற வேண்டும், அவள் அக்கா வீட்டில் சாக்லேட்டைக் கொடுக்க வேண்டும், இன்றைக்கே போ என்று உத்தரவு. ஏழுமலையின் வண்டியை எடுத்துக்கொண்டு போனேன். மர்த்தீனிடம், நான் இல்லாமல் படப்பிடிப்பு ஒன்றும் நடக்காது, ஓய்வெடுங்கள் என்று சொல்லிவிட்டுத்தான் போனேன். மதியம் திரும்பியபோது அவர் தனம் வீட்டு வாசலில் முழங்கால் வரை சேறோடு உட்கார்ந்திருந்தார். முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம். என்னைப் பார்த்ததும் கேமராவின் சின்னத் திரையைத் திருப்பிக் காட்டினார்.

அதில் களையெடுப்பு நடந்துகொண்டிருந்தது. யாரும் கரையேறவில்லை. யாரும் புடவையை இறக்கிவிடவில்லை. கேமரா சேற்றுக்குள்ளேயே, அவர்கள் முகத்துக்குப் பக்கத்திலேயே நகர்ந்துகொண்டிருந்தது. அஞ்சலை மர்த்தீனின் தோளைப் பிடித்து, தள்ளி நில்லு, நாத்த மிதிக்காத என்று அதட்டியதுகூடப் பதிவாகியிருந்தது. ஒரு நாற்காலியும் இல்லை. ஆக நான்கு நாளாக அவர்கள் வேலையை நிறுத்தியது வெள்ளைக்கார அம்மாவுக்காக இல்லை. எனக்காகத்தான்.

அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. அந்தப் பெண்கள் பேசிக்கொண்டிருந்தது என்னைப் பற்றி.

"உங்கண்ணன் ரிட்டையர் ஆயி இங்கியே வந்துடப் போவுதாமே?"

"அப்பிடித்தான் சொல்லுது" என்றாள் தனம், களையைக் கரையில் எறிந்துகொண்டே. "பத்து நாளு வந்துட்டுப் போனா சந்தோசமா இருக்கு. ஓயாம இருந்துதுன்னா நான் எப்பக் கயனிக்கு வரது, எப்பக் கரும்பு வெட்டு பாக்கறது? அது வந்து நின்னா கையும் ஓடல காலும் ஓடல."

"அத்த வுடு" என்றாள் அஞ்சலை. "தினம் யாரு சேர் தூக்கறது?"

எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். தனமும் சிரித்தாள். என் தங்கை அப்படிச் சிரித்து நான் பார்த்துப் பல வருடம் ஆகியிருந்தது. என்ன பேசுகிறார்கள் என்று மர்த்தீன் ஆவலோடு கேட்டார். மழையைப் பற்றி என்றேன். இவ்வளவு நேரமா, இவ்வளவு சிரிப்பா என்றார். நல்ல மழை மதாம் என்றேன்.

எனக்கு வலித்தது. சுற்றி வளைக்காமல் சொன்னால் அதுதான். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன், அவர்கள் என்னைத் திட்டவில்லை. என்னைப் பற்றி ஒரு வார்த்தை கெட்டதாகச் சொல்லவில்லை. ஒரு நாற்காலி தூக்கும் சிரமத்தைப் பற்றித்தான் பேசினார்கள்.

மறுநாள் காலையில் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நேராகக் கழனியில் இறங்கினேன். தனம், "அண்ணே, வாணாண்ணே" என்று பதறினாள். நான் கேட்கவில்லை. இடுப்பு விண்விண்ணென்று தெறிக்க, ஒரு பாத்தி தூரம் பிடுங்கிக்கொண்டே போனேன். பழைய கை, மறக்காது என்று நினைத்தேன். திரும்பிப் பார்த்தபோது அஞ்சலை எனக்குப் பின்னால் வந்துகொண்டிருந்தாள். நான் பிடுங்கிப் போட்டதைப் பொறுக்கி ஒவ்வொன்றாகத் திரும்ப ஊன்றிக்கொண்டிருந்தாள். கோரையையும் புல்லையும் விட்டுவிட்டு நான் நிறைய நெல்லைப் பிடுங்கியிருக்கிறேன்.

இருபது வயதில் அதை நான் செய்திருந்தால், கண்ணு இன்னா பொடனியிலயா இருக்குது என்று பின்னங்கழுத்தைக் காட்டிக் கழனியே கேட்டிருக்கும். மானம் போயிருக்கும். இப்போது யாரும் அதட்டவில்லை. "நல்லாத்தான் புடுங்குதுபா அண்ணன்" என்றாள் அஞ்சலை. அதைச் சொல்லிவிட்டு நாற்காலி எடுத்துவரப் போனாள். நானும் கால் கழுவிக்கொண்டு அதில் உட்கார்ந்தேன். மர்த்தீன் அதைப் படம் எடுத்தார். குடிமக்கள், விவசாயம், மண் என்று பிரெஞ்சில் எதையோ பெரிதாகப் பேசினேன்.

நவம்பரில் எங்கள் பாரீஸ் புறநகர் நூலகத்துக் கூடத்தில் படம் திரையிடப்பட்டது. நாற்பது பேர் இருப்பார்கள், கான்டீனில் என்னோடு வேலை செய்பவர்களும் வந்திருந்தார்கள். படம் நன்றாக வந்திருந்தது. இந்த முறை நான் தூங்கவில்லை. கரையாம்புத்தூர்க்காரர் மாடு ரெண்டு பக்கமும் மேயும் என்றதற்குக் கூடம் பெருமூச்சு விட்டது. பேனரில் பூனை வந்தபோது கைதட்டினார்கள். நாற்காலியில் உட்கார்ந்து நான் பிரெஞ்சு பேசும் காட்சியும் வந்தது. கீழே பிரெஞ்சிலேயே எழுத்து ஓடியது. பிரெஞ்சுக்காரர்களுக்கு என் பிரெஞ்சைப் புரியவைக்க. பிறகு மர்த்தீனிடம் கேட்டபோது, அன்றைக்குக் காற்று அதிகம், ஒலி சரியாக இல்லை என்றார். அன்றைக்குக் காற்றே இல்லை.

அடுத்து களையெடுப்புக் காட்சி. நான் நிம்மதியாகத்தான் உட்கார்ந்திருந்தேன், மழையைப் பற்றி வரும் என்று. திரையின் கீழே, தினமும் யார் நாற்காலி தூக்குவது என்று தெளிவான பிரெஞ்சில் வந்தது. கூடமே சிரித்தது. எனக்குப் பக்கத்தில் பிலோமினாவின் சிரிப்புதான் எல்லோரையும்விட உரக்கக் கேட்டது.

"நீதானா?" என்று கேட்டேன்.

"அந்தம்மா நம்பல. மழையப் பத்தி யாரும் இப்பிடிச் சிரிக்க மாட்டாங்கன்னு சொல்லி என்னாண்ட காட்டிச்சு. இருக்கறத எழுதிக் குடுத்தேன்."

"எனக்காக ஒரு பொய் சொல்லக்கூடாதா?"

"போறதுன்னா போ. நான் தடுக்கல" என்றாள். கண்ணைத் துடைத்துக்கொண்டாள், சிரித்ததால்தான் என்று நினைக்கிறேன். "அவங்க இன்னா சொல்றாங்கன்னு தெரிஞ்சிக்கினு போ."

அதற்குப் பிறகு தங்கையோடு வீடியோவில் பேசும்போதெல்லாம் நான் முன்பு கவனிக்காத ஒன்று கண்ணில் பட ஆரம்பித்தது. நான் கூப்பிட்டால் அவள் கையில் இருப்பதைக் கீழே வைக்கிறாள். முகத்தை முந்தானையால் துடைக்கிறாள். விளக்கைப் போட்டுவிட்டு, போட்டோ எடுக்கப் போவது போல நிமிர்ந்து உட்காருகிறாள். நீ வேலையைப் பார், பார்த்துக்கொண்டே பேசு என்றால், "பரவால்லண்ணே, இன்னா வேல, நீ பேசு" என்கிறாள். பக்கத்தில் ஏழுமலையும் கழுத்துவரை பட்டன் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறார். கண்ணாடித் திரைக்குள்ளும் எனக்கு நாற்காலி போட்டுவிடுகிறார்கள்.

அதனால் இப்போது வீடியோ போடுவதில்லை. போன ஞாயிற்றுக்கிழமை காலையில் மர்த்தீன் வீட்டுச் சமையலறையில் உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்தபோது தனத்துக்கு வெறும் போன் போட்டேன். அங்கே மதியம் இரண்டரை மணி. விதைக்கு மல்லாட்டை உடைத்துக்கொண்டிருக்கிறோம் என்றாள், அதாவது நிலக்கடலை. என் குரல் மட்டும் வந்ததாலோ என்னவோ, ஸ்பீக்கரில் போட்டுக் கீழே வைத்துவிட்டாள். உடம்பு எப்படி, குளிர் எப்படி என்று கேட்டாள். சொன்னேன். நடுவில் அஞ்சலை வந்து உட்கார்ந்தது கேட்டது. ஏதோ ஒரு நிச்சயதார்த்தத்தில் சாம்பாரில் உப்பே இல்லை என்று பேச்சு ஆரம்பித்தது. நான் போனை மேசைமேல் வைத்தேன். மல்லாட்டை ஓடு படபடவென்று உடைந்தது. யாரோ கோழியை விரட்டினார்கள். ஏழுமலை எதையோ காணோம் என்று கேட்க, "உன் கண்ணு இன்னா பொடனியிலயா இருக்குது" என்றாள் என் தங்கை. நான் சத்தம் வராமல் சிரித்தேன்.

"கி எஸ்?" என்றார் மர்த்தீன், யார் அது என்று. அவர் என் பக்கம் திரும்பவில்லை, சீவிக்கொண்டேதான் கேட்டார். உதட்டில் விரலை வைத்தேன்.

"அண்ணே, லைன்ல இருக்கியா?" என்று தனத்தின் குரல் கேட்டது.

இருக்கிறேன் என்று சொன்னால் கையை உதறிவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்துவிடுவாள். அஞ்சலையும் பேச்சை நிறுத்திவிடுவாள். நான் பேசவில்லை.

"கட் ஆயிடுச்சு போல" என்றாள். திரும்பவும் மல்லாட்டை உடையும் சத்தம் வந்தது. நான் இன்னொரு உருளைக்கிழங்கை எடுத்துக்கொண்டேன்.